இசைத்தட்டைக் காணோம் என்று சொன்ன நாள்

மதியம் ஒன்று இருபத்தைந்து. என் கடைச் சுவரில் ஒரு கேசட் கம்பெனி இலவசமாகக் கொடுத்த கடிகாரம் ஏழு நிமிடம் வேகமாக ஓடும். அதைக் கழித்துவிட்டுத்தான் சொல்கிறேன். அந்த நேரத்தில் என் மகள் அமுதாவோடு பன்னிரண்டாவது படிக்கிற ஒரு பெண் கடை வாசலில் சைக்கிளை நிறுத்தி, ஒற்றைக் காலை ஊன்றியபடி கேட்டாள்.

"ஆன்ட்டி, அமுதாவுக்கு ஒடம்பு சரியில்லையா? இன்னிக்கு ஸ்கூலுக்கு வரலியே."

அமுதா காலை எட்டேகாலுக்கே நீலத் தாவணி கட்டிக்கொண்டு, பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, என்னிடம் ஒரு வார்த்தை பேசாமல் ஸ்கூலுக்குக் கிளம்பிப் போயிருந்தாள்.

"ஆமாம்மா, காய்ச்சல்," என்றேன்.

அன்றைய முதல் பொய் அது. ஒரு நொடிகூட யோசிக்கவில்லை. நெருக்கடியில் நிதானமாக முடிவெடுப்பது எப்படி என்று புதிதாகத் தொழிலுக்கு வந்திருக்கும் பிள்ளைகளுக்கு எழுதித் தரச் சொல்லி நம் ஒலிப்பதிவாளர் சங்கத்து ஆண்டு மலர்க்குழுவில் கேட்டார்கள். பெரம்பலூரிலும் அரியலூரிலும் சேர்த்துத் தேடினாலும் அதற்கு என்னைவிடத் தகுதி குறைந்த ஆள் கிடைக்க மாட்டார். தகுதி உள்ளவர்கள் எழுதினால் தாங்கள் ஜெயித்த கதையை மட்டும்தான் எழுதுவார்கள் என்பதால் ஒப்புக்கொண்டேன்.

என்னை உங்களுக்குத் தெரிந்திருக்காது. தொண்ணூற்றைந்திலிருந்து போன வருடம் வரை அரியலூர் பஸ் ஸ்டாண்டுக்கு எதிர்ச் சந்தில் ரெக்கார்டிங் சென்டர் வைத்திருந்தேன். வீட்டுக்காரர் ஷார்ஜாவில் ஏ.சி. மெக்கானிக். பி.எஸ்சி. இயற்பியல் படித்த பொம்பளை கேசட் பதிகிறாள் என்று ஊர் இரண்டு வருடம் சிரித்தது. அதற்கப்புறம் பாட்டு லிஸ்ட் எழுதிக்கொண்டு வரிசையில் நின்றது. இப்போது பாட்டெல்லாம் செல்போனுக்குள் போய்விட்டதால் கடையை மூடிவிட்டு, ஓய்வு பெற்றவள் என்று சொல்லிக்கொள்கிறேன். ஓய்வும் இல்லை, ஒன்றும் இல்லை. வியாபாரம் படுத்துவிட்டது, அவ்வளவுதான்.

கம்ப்யூட்டர் வாங்கிய பிறகு எனக்கு ஒரு பெயர் கிடைத்தது. பழைய இசைத்தட்டு, பழைய கேசட் எதைக் கொடுத்தாலும் இரைச்சல் நீக்கி, பளிச்சென்று சி.டி.யில் போட்டுத் தருவேன். "பளிச்" என்பதை போர்டிலேயே எழுதி வைத்திருந்தேன். அந்தத் திமிர் எவ்வளவு தூரம் போனது என்பதற்கு ஒரு உதாரணம். ஜெயங்கொண்டத்திலிருந்து ஒரு குடும்பம், இறந்துபோன அத்தை பாடிய ஒப்பாரிக் கேசட்டைக் கொண்டுவந்தார்கள். அந்த அம்மாள் இரண்டு வரிக்கு ஒருமுறை மூக்கைச் சிந்தியிருந்தார். நாற்பத்தோரு இடத்தில் வெட்டி எடுத்தேன். கேட்டுவிட்டுத் திருப்பிக் கொண்டுவந்தார்கள். "அக்கா, பாட்டு நல்லாத்தான் இருக்கு. ஆனா எங்க அத்தையக் காணோம்," என்றான் ஒருவன். அந்த வார்த்தையைக் காதில் வாங்கியிருந்தால் இந்தக் கட்டுரைக்கே வேலை இருந்திருக்காது. நான் அவனுக்கு ரசனை போதாது என்று முடிவு செய்தேன்.

இரண்டாயிரத்து இரண்டு. பப்ளிக் பரீட்சைக்கு மூன்று வாரம். அரியலூர் தனி மாவட்டமா, பெரம்பலூரோடு சேர்ந்ததா என்று அரசாங்கமே மாற்றி மாற்றி யோசித்துக்கொண்டிருந்த காலம். சுண்ணாம்புக்கல் சுரங்கத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்ற ஜியாலஜிஸ்ட் சார் ஒருவர் ஊரைக் காலி செய்துகொண்டு மகன் வீட்டுக்கு பெங்களூர் போவதாக இருந்தார். அவர் வீட்டு ஷோகேஸில் பொம்மைக்குப் பதில் கல்லாகிப்போன கிளிஞ்சலும் சிப்பியும்தான் இருக்கும். அவர் ஒரு இசைத்தட்டைத் துண்டில் சுற்றிக் கொண்டுவந்தார்.

"அறுபத்தேழுல வந்ததும்மா. காலேஜ் படிக்கும்போது மெட்ராஸ்ல வாங்குனேன். பிளேயர் செத்துப்போச்சு. சி.டி.ல போட்டுக் குடுத்தீங்கன்னா பேரன்கிட்ட காட்டிப் பயமுறுத்துவேன்."

ஏதோ ஒரு இங்கிலீஷ் ராக் குழு. அட்டையைப் பார்த்தாலே சாயப்பட்டறைக் கால்வாயில் விழுந்த மாதிரி இருக்கும். நடுவில் நான்கு பேர் தலையை விரித்துப் போட்டு, மீசையோடு, யாரோ எழுப்பிவிட்ட கோபத்தில் நின்றுகொண்டிருந்தார்கள். முகமெல்லாம் மெழுகு மாதிரி உருகி ஓடியது. கஞ்சா அடித்துவிட்டுப் பாடியதாம் அந்தக் காலத்து ஆட்கள். சாரே சிரித்துக்கொண்டு சொன்னார்.

போட்டுக் கேட்டேன். பாடகர் இடது காதில் ஆரம்பித்தார், என் தலைக்குள் நுழைந்து வலது காது வழியாக வெளியே போனார். ஒயரில் கோளாறு என்று புது ஒயர் மாற்றினேன். அப்புறமும் நடந்தார். இரண்டு பக்கத்தையும் ஒன்றாகச் சேர்த்து ஆளை நடுவில் உட்காரவைத்தேன். மூன்றாவது பாட்டில் ஒரு மாடு கத்தியது. எடுத்தேன். இன்னொரு பாட்டு பதினேழு நிமிடம். அதில் பத்து நிமிடம் ஒரே மெட்டைத்தான் சுற்றினார்கள். ஏழாகக் குறைத்தேன். இரண்டாம் பக்கத்தில் கிடார் தூரத்திலிருந்து இழுத்துக்கொண்டே வந்து உச்சத்தில் சட்டென்று அறுந்தது. கம்பியைத் தட்டினால் முதலில் சத்தம் வரும், பிறகு தேயும்; இது எதிர்மாறாக இருக்கிறதே என்று பி.எஸ்சி. மூளை வேலை செய்தது. அந்தத் துண்டை மட்டும் கம்ப்யூட்டரில் திருப்பிப் போட்டேன். அருமையான கிடார்! லண்டன்காரன் டேப்பைத் தலைகீழாக மாட்டியிருக்கிறான், முப்பத்தைந்து வருடமாக உலகத்தில் ஒருத்தனும் கவனிக்கவில்லை, அரியலூரில் நான் கண்டுபிடித்துவிட்டேன் என்று அன்றைக்கு இரண்டு தோசை அதிகமாகச் சாப்பிட்டேன்.

வியாழக்கிழமை சாயங்காலம் சி.டி.யைச் சார் வீட்டில் கொடுத்தேன். வீட்டில் சாமான் கட்டும் ஆட்கள் இசைத்தட்டின்மேல் பீரோவை வைத்துவிடுவார்கள் என்று பயந்து, மறுநாள் ஆறரை ரயிலுக்குப் போகிற வழியில் அதைக் கடையில் வாங்கிக்கொள்வதாகச் சொன்னார். கடைக்குத் திரும்பினால் அமுதா ஹெட்போனைக் கழற்றி வைத்துவிட்டு என்னை முறைத்தாள். ஒரு வாரமாக அந்த இசைத்தட்டை இசைத்தட்டாகவே கேட்டுக்கொண்டிருந்தவள் அவள். அன்று என் சி.டி.யின் பிரதியைக் கேட்டிருக்கிறாள்.

"என்னம்மா பண்ணி வச்சிருக்க?"

"சரி பண்ணி வச்சிருக்கேன்."

"அவங்க வேணும்னேதான் திருப்பிப் போட்டுருக்காங்க. அது அப்டித்தான்."

"வேணும்னே எவனாச்சும் தப்பா வாசிப்பானாடி? மாடு?"

"மாடும்தான்."

"பதினேழு நிமிஷம்?"

"முழுசாக் கேட்டாத்தான் அந்தக் கடைசி நிமிஷம் அப்டி வரும். நீ ஒரிஜினல் காப்பியக் குடு, நா அப்டியே போட்டுத் தரேன். சாருகிட்ட குடுத்துடலாம்."

"அழிச்சிட்டேன்."

"அழிச்சிட்டியா!"

"டிஸ்க்ல எடம் இல்ல. நாளைக்கு ரெண்டு கல்யாண வேலை."

பிள்ளைகளா, தொழில் பாடம் என்று இந்தக் கட்டுரையில் ஒன்றே ஒன்றுதான் இருக்கிறது, அதை இங்கேயே சொல்லிவிடுகிறேன். கை வைக்காத முதல் பதிவை அழிக்காதீர்கள். டிஸ்க்கில் இடமில்லை என்றால் கடன் வாங்கி இன்னொன்று வாங்குங்கள். மீதியெல்லாம் என் சொந்தக் கஷ்டம்.

அமுதா விடவில்லை. மறுபடி முதலிலிருந்து பதியச் சொன்னாள். செய்தது தப்பு என்று சாரிடம் போய் ஒத்துக்கொள்ளச் சொன்னாள். அப்போது நான் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். "பிசிக்ஸ்ல அறுபத்திரெண்டு வாங்கிட்டு எனக்குப் பாடம் எடுக்க வந்துட்டா. பரீட்சை வருதுங்கற நெனப்பிருக்கா? இனிமே இந்தக் கடைப் பக்கம் வராத. எங்கயாச்சும் போய்த் தொலை."

எல்லா அம்மாவும் சொல்வதுதான். நானே வாரத்துக்கு மூன்று முறை சொல்வேன். பால் பொங்கினால் அடுப்பிடம்கூடச் சொல்வேன். ஆனால் மறுநாள் ஒன்று இருபத்தைந்துக்கு அந்தச் சைக்கிள் பெண் போன பிறகு, அந்த வார்த்தை வேறு யாரோ சொன்ன மாதிரி கடைக்குள் நின்றது.

அலமாரியைத் திறந்தேன். இசைத்தட்டும் இல்லை, அட்டையும் இல்லை. கடைச் சாவி ஒன்று அவளிடமும் உண்டு.

எனக்குப் பாதி மூச்சு வந்தது. எடுத்துக்கொண்டு போனவள் ஏதோ நினைப்போடுதான் போயிருக்கிறாள். அடுத்த நொடியே அந்த மூச்சும் போயிற்று. எதை எடுத்துக்கொண்டு எங்கே போனால் என்ன? பரீட்சைக்கு முந்தின மாசத்தில் திட்டு வாங்கிய பிள்ளைகள் என்ன செய்தார்கள் என்று பேப்பரில் படித்தவளுக்கு வேறு எதுவும் தோன்றாது.

தெருவில் இறங்கி, "என் பொண்ணைப் பாத்தீங்களா?" என்று கேட்டிருக்க வேண்டும். கேட்கவில்லை. பதினேழு வயதுப் பெண்ணைக் காணோம் என்று அரியலூரில் ஒரு வாய் சொன்னால், சாயங்காலத்துக்குள் அவளுக்கு ஒரு காதலன் முளைத்து, அவனுக்கு ஒரு ஜாதியும் ஒரு மோட்டார் பைக்கும் கிடைத்து, நாளைக்கு அவள் வீட்டிலேயே தூங்கி எழுந்து வந்தாலும் அந்தக் கதை கல்யாணம் வரைக்கும் பின்னால் வரும். புருஷன் வெளிநாட்டில், பொண்டாட்டி கடையில், பெண்ணை யார் பார்த்தது என்று அடுத்த வரியும் தயாராக இருக்கும். அதனால் தெரிந்தே இன்னொன்றைக் கேட்டேன். ஒரு அடி அகலத்தில், கண் கூசும் அட்டை. அதை அவள் பையில் வைக்க முடியாது. அதைப் பார்த்தவர்கள் அவளையும் பார்த்திருப்பார்கள்.

"ஒரு ரெக்கார்டக் காணோங்க. கலர் கலரா அட்டை. யாராச்சும் கையில பாத்தீங்களா?"

பூக்காரியிடம் கேட்டேன். டீக்கடையில் கேட்டேன். ஆட்டோக்காரர்களிடம் கேட்டேன். டைம் ஆபீஸில் கேட்டேன். பத்து நிமிடத்தில் பஸ் ஸ்டாண்டே இசைத்தட்டைத் தேட ஆரம்பித்துவிட்டது. "பாவம்யா, அக்கா மூஞ்சியப் பாரு," என்றார் டீ மாஸ்டர். "ரொம்ப ரேட்டு போலருக்கு." டீ குடித்துக்கொண்டிருந்த ஒரு கண்டக்டர் திரும்பினார்.

"அட்டையா? நாலு பேரு தலைய விரிச்சிப் போட்டுக்கிட்டு?"

"அதேதாங்க!"

"காலைல எட்டு அம்பது ட்ரிப்புல வந்துச்சே. ஒரு ஸ்கூல் பொண்ணு மடியில வச்சிருந்துச்சு. என்னடா இது, சாமி படமும் இல்ல, சினிமா படமும் இல்லன்னு பாத்தேன்."

"தனியா வந்துச்சா?"

"அட்டையாக்கா?"

"ஆமா, அட்டைதான். கூட வேற ரெக்கார்டு எதுவும்..."

"இல்ல, ஒண்ணே ஒண்ணுதான்."

"எங்க எறங்குச்சு?"

"திருமானூர் டிக்கெட்டு. ஆனா எறங்குனதப் பாக்கல, ஒரே கூட்டம். நம்ம வண்டி பாலம் தாண்டித் தஞ்சாவூர் போற வண்டியாச்சே."

பாலம் என்றால் கொள்ளிடம். இந்த மாசத்தில் ஆற்றில் முழங்கால் தண்ணீர்தான் இருக்கும், பாதிக்கு மேல் மணல் என்று மனசுக்குள் கணக்குப் போட்டேன். ஒரு தாய் எந்தக் கணக்கெல்லாம் போடுகிறாள் பாருங்கள்.

"அழுதுச்சா?" என்று கேட்டுவிட்டேன்.

கண்டக்டர் டீ கிளாஸை இறக்கி என்னைப் பார்த்தார். "ரெக்கார்டா?"

"இல்லீங்க. கீறல் விழுந்தா ஒரு மாதிரி சத்தம் வரும். அதக் கேட்டேன்."

"பஸ்ல எங்கக்கா அதப் போட்டுக் கேக்கறது? கவலப்படாதீங்க. லைன்ல இருக்கற எல்லாக் கண்டக்டர்கிட்டயும் சொல்லி விட்டுடறேன். ரெக்கார்டு எங்கயும் போவாது."

திருமானூருக்கு நானே பஸ் ஏறலாமா? நான் போகிற வழியில் அவள் எதிர் பஸ்ஸில் திரும்பினால்? கடை பூட்டியிருப்பதைப் பார்த்து மறுபடி எங்காவது போனால்? பத்து நிமிடம் ஒரு பஸ் படியில் ஏறினேன், இறங்கினேன், ஏறினேன். டிரைவர் ஹாரன் அடித்தார். இறங்கி போலீஸ் ஸ்டேஷனுக்கு நடந்தேன்.

ஏட்டு ஒருவர் பேனாவை உதறிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். பக்கத்து மேசையில் ஒரு இளம் கான்ஸ்டபிள்.

"என்னம்மா காணோம்?"

"பாட்டு ரெக்கார்டுங்க. எல்.பி. ரெக்கார்டு."

எழுதினார். கலர் கேட்டார், சொன்னேன். கடைசியாக யார் பார்த்தது என்றார். "எட்டு அம்பது பஸ் கண்டக்டர்," என்றேன். அதையும் எழுதினார்.

"மதிப்பு?"

"சொல்ல முடியாதுங்க."

"குத்துமதிப்பாச் சொல்லும்மா. எதையாச்சும் போட்டாவணும்ல."

வாயைத் திறந்தேன், அழுகை வந்தது. முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டும் நிற்கவில்லை. இளம் கான்ஸ்டபிள், "ஒரு பாட்டுத் தட்டுக்காம்மா இப்டி அழுவுறீங்க?" என்றார். ஏட்டு அவரைப் பார்த்து, "தம்பி, போயி மூணு டீ சொல்லிட்டு வா," என்று அனுப்பினார். பேனாவை மூடினார். தன் நாற்காலியை மேசைக்கு நெருக்கமாக இழுத்துக்கொண்டு, மெதுவாகக் கேட்டார்.

"ரெக்கார்டு எத்தனாவது படிக்குது?"

நான் அவரைப் பார்த்தேன். அவர் என்னைப் பார்க்காமல் காகிதத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"பன்னெண்டாவதுங்க."

"என்ன டிரெஸ்ல போச்சு?"

"நீலத் தாவணி. வெள்ள ஜாக்கெட்."

"வூட்ல சண்டையா?"

"நாந்தான் திட்டிட்டேங்க. போய்த் தொலைன்னு சொல்லிட்டேன்."

"வேற யாராச்சும்... பழக்கம் கிழக்கம்?"

"இல்லீங்க. எனக்குத் தெரிஞ்சு இல்ல."

"சரி. எங்க வூட்லயும் ரெண்டு ரெக்கார்டு இருக்கும்மா." காகிதத்தை மடித்துச் சட்டைப் பையில் வைத்தார். "இது ரெக்கார்டாவே இருக்கட்டும். நா திருமானூருக்குப் போன் பண்றேன். நீங்க கடையில போயி ஒக்காருங்க. திரும்பி வந்தா அங்கதான் வரும்."

அவர் போனில் என்ன சொன்னார் என்று வெளியே படியில் நின்று கேட்டேன். "கலர் அட்டை வச்சிருக்கும். ஆமாய்யா, பாட்டு ரெக்கார்டுதான். வச்சிருக்கறவங்கள மெரட்டாம, மரியாதயா ரெக்கார்டப் பத்தி மட்டும் கேளுங்க. வேற எதும் கேக்க வேணாம்."

கடையில் உட்கார்ந்தேன். மூன்று மணிக்குப் போன் அடித்தது. ரிசீவரைக் கீழே போட்டு, மறுபடி எடுத்தேன். வெள்ளிக்கிழமை, ஷார்ஜாவில் வீட்டுக்காரருக்கு லீவு. வாராவாரம் அந்த நேரத்துக்குத்தான் பேசுவார் என்பதையே மறந்திருந்தேன்.

"பாப்பா எங்க?"

"ஸ்கூல்ல."

"நல்லாப் படிக்கிறாளா?"

"படிக்கிறா."

"ஒன் கொரல் என்ன ஒரு மாதிரி வருது?"

"லைன் சரியில்லீங்க," என்றேன். பளிச்சென்று பதிவு செய்து தருகிறவள் நான்! அன்றைய பொய்களில் அவர் கண்டுபிடித்தது இதை மட்டும்தான். ஆனால் கண்டுபிடித்தது மூன்று வருடம் கழித்து.

நாலரைக்கு ஜியாலஜிஸ்ட் சார் பெட்டியோடு வந்தார். உட்காரும் முன்பே என் சி.டி.யை மேசையில் வைத்தார்.

"யம்மா, நேத்து ராத்திரி கேட்டேன். மொதல்ல சி.டி. மாறிப்போச்சுன்னு நெனச்சேன். அப்பறந்தான் புரிஞ்சுச்சு. என்னோட அறுபத்தேழக் குளிப்பாட்டி, எண்ண வச்சுத் தல சீவி, விபூதி பூசி அனுப்பியிருக்கீங்க."

"தப்புதாங்க சார்."

இவ்வளவு சீக்கிரம் ஒத்துக்கொள்வேன் என்று அவர் எதிர்பார்க்கவில்லை. சண்டைக்குத் தயாராக வந்தவர் கொஞ்சம் ஏமாந்துபோனார்.

"போகட்டும். ரெக்கார்டக் குடுங்க, அதாவது இருக்கட்டும்."

"ரெக்கார்டக் காணோங்க சார்."

அவர் முகம் போன போக்கைப் பார்த்தேன். முப்பத்தைந்து வருடம் பாதுகாத்த பொருள். அவர் திட்ட ஆரம்பித்திருந்தால் எனக்கு நிம்மதியாக இருந்திருக்கும். அவர் பெட்டியின்மேல் உட்கார்ந்துவிட்டார். அப்போது மறுபடி போன் அடித்தது. ஏட்டு.

"யம்மா, ரெக்கார்டு கெடச்சிருச்சு. திருமானூர்ல மைக் செட் கடையில இருக்கு. ஒடசல், கீறல் ஒண்ணும் கெடயாது."

மேசையைப் பிடித்துக்கொண்டேன்.

"சாப்டுச்சாங்க?"

"தயிர்ச் சோறு சாப்டுச்சாம். மைக் செட்காரரு சம்சாரம் குடுத்துருக்காங்க. நாலே முக்கா பஸ்ஸுக்கு அவரே கூட்டிக்கிட்டு வராரு. திட்டாதீங்க."

போனை வைத்தேன். சார் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"எந்த ரெக்கார்டும்மா தயிர்ச் சோறு சாப்புடுது?"

அந்த ஊரில் ரெக்கார்டு என்று மறைக்காமல் நான் உண்மையைச் சொன்ன முதல் ஆள் அவர்தான். முழுசாகச் சொன்னேன். கேட்டு முடித்துவிட்டு, கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "அப்ப என் ரெக்கார்டும் பாப்பாகிட்டதான் இருக்கு?"

"ஆமாங்க சார்."

"சரி, ரெண்டும் வரட்டும்," என்று கடிகாரத்தைப் பார்த்தார். அது ஏழு நிமிடம் வேகம் என்று நான் சொன்னேன். அவருக்கு அது ஆறுதலாக இருந்தது.

திருமானூர் மைக் செட்காரரைப் பற்றி உங்களுக்குச் சொல்ல வேண்டும். அவரிடமும் ஒரு பிளேயர் இருந்தது. இசைத்தட்டைப் போட்டு, டெக்கில் கேசட்டைச் செருகி, பட்டனை அழுத்திவிட்டுக் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்துவிடுவார். கீறலா, கொரகொரப்பா, எதுவும் தொட மாட்டார். "அவரு ரெக்கார்டிங் பண்றதில்ல, காவல் காக்கறாரு," என்று நான் எத்தனையோ வாடிக்கையாளரிடம் நக்கல் செய்திருக்கிறேன். அந்த நக்கலையெல்லாம் பக்கத்தில் உட்கார்ந்து கேட்டவள் அமுதா. ஒன்றையும் தொடாமல் பதிகிற ஆள் வேண்டும் என்று தேவைப்பட்டபோது, யாரிடம் போக வேண்டும் என்று என் வாயாலேயே அவளுக்கு விலாசம் கொடுத்திருக்கிறேன்.

ஆறு மணிக்குப் பத்து நிமிடம் இருக்கும்போது தஞ்சாவூர் பஸ் வந்து நின்றது. பூக்காரி கூடையை விட்டுவிட்டு எழுந்து நின்று, "யக்கோவ், ஒன் ரெக்கார்டு வந்துருச்சு!" என்று கத்தினாள். டீ மாஸ்டர் கரண்டியோடு வெளியே வந்தார். ஆட்டோக்காரர்கள் வந்தார்கள். என் கடை வாசலில் இருபது பேர் கூடிவிட்டார்கள். நான் ஓடவில்லை. ஓடியிருந்தால் அந்த இருபது பேருக்கும் விஷயம் புரிந்திருக்கும்.

முன்னால் மைக் செட்காரர் கேசட்டோடு வந்தார். "முழுசா எடுத்தாச்சுங்க சார். நடுவுல போன கரண்டு மூணு மணிக்குத்தான் வந்துச்சு, ஒரு பக்கத்த மறுபடி மொதல்லேருந்து எடுத்தோம். அதான் லேட்டு. பாப்பா ஊசியத் தூக்கவே விடல," என்று சாரிடம் கொடுத்தார். சார் இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார். என்னைப் பார்த்து மைக் செட்காரர் கும்பிட்டார். என்னால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

அவருக்குப் பின்னால் அமுதா. தாவணியெல்லாம் தூசி. அட்டையை மார்போடு அணைத்துப் பிடித்திருந்தாள். அவளை இழுத்துக் கட்டிக்கொள்ளவும், அங்கேயே ஒரு அறை விடவும் என் இரண்டு கையும் துடித்தன. எதையும் செய்ய முடியாது. காணாமல் போனது இசைத்தட்டு அல்லவா? அதனால் எல்லோரும் எதிர்பார்த்ததைச் செய்தேன். அவள் கையிலிருந்து அட்டையை வாங்கினேன். தட்டை வெளியே எடுத்து, வெளிச்சத்தில் சாய்த்து, இரண்டு பக்கமும் திருப்பித் திருப்பிக் கீறல் பார்த்தேன். கண்ணில் தண்ணீர் நின்றதால் ஒன்றும் தெரியவில்லை. "ஒண்ணும் ஆவல," என்று எல்லோருக்கும் கேட்கிற மாதிரி சொன்னேன். "அப்பாடா!" என்றார் டீ மாஸ்டர். சிலர் கை தட்டினார்கள்.

அமுதா என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். கூட்டம் கலைகிற வரை காத்திருந்தாள். அப்புறம் எனக்கு மட்டும் கேட்கிற குரலில் சொன்னாள்.

"மைக் செட் கடைக்குப் போலீஸ் வந்து கேட்டுச்சு. பஸ்ல ஏறுனதும் கண்டக்டர் கேட்டாரு. கீழப்பழுவூர்ல யாரோ ஜன்னல் வழியா எட்டிப் பாத்துக் கேட்டாங்க. எல்லாரும் ரெக்கார்டத்தாம்மா கேட்டாங்க. என்னைய நீ தேடவே இல்லையா?"